ஹெர்குலிஸின் மகள் பாண்டியா



கிரேக்கத் தெய்வங்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் ஒலிம்பஸ் மலையில் வீற்றிருக்கும் சீயஸ், கடலுக்குரிய பொசைடன், அறிவுக்குரிய அதீனா என்று வரிசையாகப் பெயர் சொல்லிப் போவது வழக்கம். அந்தப் பெயர்களை நம் பிள்ளைகள் திரைப்படங்களிலே கேட்டிருப்பார்கள். நான் அந்த வரிசையிலிருந்து ஒருவரை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். அவர் பெயர் ஹெராக்ளிஸ். ஹெர்குலிஸ் என்றால் எல்லாருக்கும் தெரியும். இவருக்கு ஒரு மகள் இருந்தாள், அவள் இந்தியாவின் தெற்கே ஒரு நாட்டை ஆண்டாள், அவள் பெயர் பாண்டியா என்று கிரேக்கர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். பாண்டிய நாட்டிலிருந்து கப்பலேறி வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் நம்மில் எத்தனையோ பேர். அதனால் இந்தக் கதையை நாம் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஹெர்குலிஸ் சீயஸ் தெய்வத்துக்கும் ஒரு மானிடப் பெண்ணுக்கும் பிறந்தவர். சிங்கத்தோலைப் போர்த்திக்கொண்டு, கையிலே பெரிய தடியோடு நிற்பார். செய்ய முடியாத பன்னிரண்டு வேலைகளைச் செய்து முடித்தவர். இறந்த பிறகு தெய்வமானவர். நம் கதைகளைக்கொண்டு சொல்வதானால், பீமனுடைய உடல் வலிமையும், மனிதனாய்ப் பிறந்து தெய்வமாகிவிட்ட மதுரை வீரனுடைய வரலாறும் ஒன்றாய்ச் சேர்ந்தவர் என்று சொல்லலாம்.

இவர் எப்படி நம் பக்கம் வந்தார்? அலெக்சாந்தர் கி.மு. 323இல் இறந்த பிறகு, அவருடைய தளபதிகளில் ஒருவரான செலூக்கஸ் கிழக்குப் பகுதிகளுக்கு அரசரானார். அவர் மௌரியப் பேரரசர் சந்திரகுப்தரிடம் அனுப்பிய தூதர் மெகஸ்தனிஸ். கி.மு. 300ஐ ஒட்டி அவர் பாடலிபுத்திரத்துக்கு, அதாவது இன்றைய பாட்னாவுக்கு வந்தார். கண்டதையும் கேட்டதையும் 'இண்டிகா' என்னும் நூலாக எழுதினார். அந்த நூல் அழிந்துவிட்டது. பின்னால் வந்த பிளினி, அர்ரியன் போன்றவர்கள் எடுத்து எழுதிய பகுதிகள்தாம் நமக்கு எஞ்சியிருக்கின்றன.

அர்ரியன் சொல்லும் கதை இது. ஹெர்குலிஸுக்கு ஆண்பிள்ளைகள் பலர், பெண் ஒருத்திதான். அவள் பிறந்து ஆண்ட நாட்டுக்கும் அவள் பெயரே வந்தது. தகப்பனார் அவளுக்கு 500 யானைகளையும், 4,000 குதிரை வீரரையும், 130,000 காலாட்களையும் கொடுத்தார். கதையின் பின்பகுதி நம் காதுக்கு ஒவ்வாதது. அர்ரியனே அதை நம்பத் தயங்குகிறார், நாமும் விட்டுவிடலாம். பாலியனஸ் என்பவர் வேறொரு செய்தி சொல்கிறார். அந்த நாட்டில் 365 ஊர்கள் இருந்தனவாம். நாளுக்கு ஓர் ஊர் முறைவைத்து அரண்மனைக்கு வரி கொண்டுவர வேண்டுமாம். வராத ஊரைக் கேட்க, முன்னே வந்து நிற்கும் ஊரார் அரசிக்குத் துணையாக இருப்பார்களாம். காலைப் பெரட்டில் நின்று பெயர் கொடுத்த நம் பெரியவர்களுக்கு இந்த ஏற்பாடு எளிதில் விளங்கும்.

பாடலிபுத்திரத்தில் இருந்த கிரேக்கர் பாண்டிய நாட்டுக் கதையில் ஹெர்குலிஸை எப்படிக் கண்டார்? யமுனைக் கரையில், மதுராவில் வாழ்ந்த சூரசேனர் ஹெர்குலிஸை வணங்குகிறார்கள் என்று அதே நூல் சொல்கிறது. அங்கே வணங்கப்பட்டவர் கண்ணபிரான். அரக்கர்களை அழித்த வீரன் என்று கேட்டதும் கிரேக்கருக்குத் தம் வீரன் நினைவு வந்துவிட்டது. நம் பாட்டிமார் சீனர் கோயிலிலே குவான் யின் சிலையைப் பார்த்து "அம்மா தாயே" என்று கையெடுப்பதில்லையா? அதுபோலத்தான். தென்மதுரைப் பாண்டியரை வடமதுராவோடு உறவுபடுத்திய ஏதோ ஒரு கதை வடநாட்டில் வழங்கியிருக்க வேண்டும். அதை மெகஸ்தனிஸ் கேட்டு, கண்ணன் இருந்த இடத்தில் ஹெர்குலிஸை வைத்துவிட்டார் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள்.

இந்த உறவு ஒருவழியாகவும் இருக்கவில்லை. கி.மு. 2ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஹெலியோடோரஸ் என்ற கிரேக்கத் தூதர், தட்சசீலத்திலிருந்து மத்திய இந்தியாவின் விதிஷைக்கு வந்து, வாசுதேவனுக்குக் கருடத் தூண் நிறுத்தினார். தம்மைப் பாகவதர் என்றே அதில் எழுதிக்கொண்டார். அந்தத் தூண் இன்றும் நிற்கிறது. மராட்டிய மாநிலத்துக் கோலாப்பூரில் 1940களில் நடந்த அகழ்வில் பொசைடனின் வெண்கலச் சிலை ஒன்று கிடைத்தது.

பாண்டியாவின் கதையைக் கேட்டதும் உங்களுக்கு மீனாட்சியம்மன் நினைவு வந்திருக்கும். மலையத்துவச பாண்டியனுக்கு வேள்வித் தீயில் தோன்றிய மகள், தடாதகை. ஆண்பிள்ளை இல்லாத அரசன் அவளுக்கே முடிசூட்டினான். அவள் படை நடத்தித் திசைகளை வென்றாள் என்று திருவிளையாடற் புராணம் சொல்கிறது. தகப்பன் கொடுத்த நாடு, பெண்ணரசு, பெரும்படை ஆகிய மூன்றும் இரண்டு கதைகளிலும் உள்ளன. பெண்கள் ஆளும் ஒரே இந்திய இனம் பாண்டியர் என்று பிளினியும் எழுதுகிறார். ஆனால் இரண்டும் ஒன்றே என்று மேடையில் முழங்குவோரோடு நான் சேரமாட்டேன். மெகஸ்தனிஸுக்கும் அந்தப் புராணத்துக்கும் இடையே ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு மேல் இடைவெளி உண்டு. பாண்டிய நாட்டை ஒரு பெண் ஆண்டாள் என்ற பேச்சு கி.மு. 300 அளவிலேயே கங்கைக்கரை வரை எட்டியிருந்தது என்று மட்டும் துணிந்து சொல்லலாம். அதுவே பெரிய செய்தி. அசோகர் தம் கல்வெட்டுகளில் பாண்டியரைக் குறிப்பிட்டது அதற்கும் பிறகுதான்.

இன்னொரு பகுதியும் இருக்கிறது. எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். ஹெர்குலிஸ் உலகத்தையும் கடலையும் சுற்றிக் கொடிய விலங்குகளை ஒழித்து வரும்போது, கடலிலே புதிதாக ஓர் அணிகலனைக் கண்டாராம். அதுதான் முத்து. மகளுக்குப் பூட்டி அழகு பார்க்க, கடல் முழுவதும் தேடி அதைச் சேர்த்தாராம். இந்தியாவில் முத்துக்கு அதன் எடையைப்போல் மூன்று மடங்கு பொன் விலை என்றும் அர்ரியன் எழுதுகிறார்.

கதைகள் இப்படித்தான் ஒரு பெரியவரின் கையில் எல்லாவற்றையும் கொடுத்துவிடும். மலாயா ரப்பர் என்றால் சிங்கப்பூர்ப் பூங்காவின் இயக்குநராக இருந்த ரிட்லியின் பெயரைத்தான் புத்தகங்கள் முதலில் சொல்கின்றன. மரத்தைக் கெடுக்காமல் பால் வெட்டும் முறையை அவர் வகுத்தது உண்மை. விடியுமுன் விளக்கைத் தலையில் கட்டிக்கொண்டு நிரைக்குள் போனவர்கள் அடுத்த பக்கத்தில்கூட வருவதில்லை.

முத்தின் மறுபக்கம் வேறொரு கிரேக்க நூலில் இருக்கிறது. 'எரித்திரியக் கடற்பயணம்' என்னும் அந்தக் கையேடு கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்தது. எழுதியவர் பெயர் தெரியாது. எந்தத் துறையில் என்ன சரக்கு இறக்கலாம், எதை ஏற்றலாம் என்பதே அதன் பேச்சு. நம் பாசிர் கூடாங் துறைமுகத்தில் சரக்குக் கணக்குப் பார்க்கிறவர்கள் அதைப் படித்தால் தம் ஆள் என்று தெரிந்துகொள்வார்கள். அதில் தெய்வங்களின் கதைக்கு அதிக இடமில்லை. பாண்டிய அரசனுக்குரிய கொற்கையில் முத்துக் குளிப்பு நடக்கிறது, தண்டனை பெற்ற குற்றவாளிகளைக் கொண்டு அது நடத்தப்படுகிறது என்று சுருக்கமாக எழுதிவிட்டு அவர் அடுத்த துறைக்குப் போய்விடுகிறார். அவர்கள் என்ன குற்றம் செய்தார்கள், மூச்சடக்கி இறங்கியவர்களில் எத்தனை பேர் மேலே வந்தார்கள் என்று அவர் சொல்லவில்லை. முத்து வாங்க வந்த வணிகருக்கு அது தேவைப்படவில்லை.