மேன்முறையீடு ஒருபுறம், வரி அறவீடு மறுபுறம்

வரி மதிப்பீட்டை எதிர்த்து மேன்முறையீடு செய்துவிட்டால், அது முடியும்வரை எவரும் பணம் கேட்கமாட்டார்கள் என்று நம்புவது இயல்பே. சட்டம் அவ்வாறு கூறவில்லை. 1932 ஆம் ஆண்டின் வருமான வரிக் கட்டளைச் சட்டம் தொட்டு 2006 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்க உள்நாட்டு இறைவரிச் சட்டம் வரை வழிவழியாக வந்த விதி ஒன்றுதான்: இறைவரி ஆணையாளர் நிறுத்திவைக்குமாறு கட்டளையிட்டாலொழிய, மேன்முறையீடு நிலுவையில் இருப்பினும் வரியைச் செலுத்தியாக வேண்டும்.

செலுத்தாதவிடத்து, வரியிறுப்பாளரின் வதிவிடம் அல்லது தொழிலிடம் அமைந்த பிரிவின் நீதவானுக்கு ஆணையாளர் சான்றிதழ் அனுப்புவார். கிளிநொச்சி வர்த்தகருக்குக் கிளிநொச்சி நீதவான் நீதிமன்றத்திலிருந்தே அழைப்பாணை வரும். தகுந்த காரணம் காட்டத் தவறினால் அத்தொகை நீதிமன்றம் விதித்த தண்டப்பணமாகக் கருதப்படும். அங்கே நின்று, ‘வரி மிகையானது, பிழையானது, மேன்முறையீட்டில் உள்ளது’ என்று வாதிட முடியாது. சான்றிதழின் சரி பிழையை ஆராயும் அதிகாரம் நீதவானுக்கு வழங்கப்படவில்லை. வழக்கறியாத ஒருவருக்கு இது விளங்காத நியாயமாகவே தோன்றும்.

அப்படியாயின் எந்த நீதிமன்றம் தடுக்கும்? வவுனியாவில் மாகாண மேல் நீதிமன்றம் உண்டு. 13 ஆவது திருத்தத்தின் 154 பி உறுப்புரைப்படி அதற்கு எழுத்தாணை வழங்கும் அதிகாரமும் உண்டு. எனினும் அவ்வதிகாரம் மாகாண சபை நிரலிலுள்ள விடயங்களுக்கு மட்டுமே உரியது. வருமான வரியோ ஒதுக்கிய நிரலைச் சேர்ந்தது. ஆகவே 140 ஆவது உறுப்புரையின் கீழ் கொழும்பு புதுக்கடையிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்தையே நாட வேண்டும். அறவீடு வீட்டு வாசலுக்கு வருகிறது, நிவாரணத்துக்கோ ஏ9 வீதியில் நெடும்பயணம் செய்ய வேண்டியுள்ளது. முல்லைத்தீவின் சிறு வியாபாரி ஒருவருக்குச் சட்டத்தரணிச் செலவே வரியை விஞ்சிவிடக்கூடும் என்பதை நாம் கவலையுடன் குறிப்பிடுகிறோம்.

2018 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த 2017 ஆம் ஆண்டின் 24 ஆம் இலக்கச் சட்டத்தின்படி, முதலில் 30 நாட்களுக்குள் நிர்வாக மீளாய்வு கோர வேண்டும். அதன் பின்னரே வரி மேன்முறையீட்டு ஆணைக்குழு. அங்கும் கை வெறுமையாகச் செல்லவியலாது. 10 சதவீதத்தைப் பணமாகவோ, 25 சதவீதத்துக்கு வங்கி உத்தரவாதமாகவோ வைத்தல் வேண்டும்.

இந்தியாவிலும் சர்ச்சைக்குரிய தொகையில் 20 சதவீதம் செலுத்தினால் எஞ்சியதை நிறுத்திவைக்கலாம் என 2017 இல் அறிவுறுத்தப்பட்டது. ஆயினும் தாமதத்துக்கு வரியிறுப்பாளர் காரணமல்லாதபோது, 365 நாட்கள் கடந்ததென்பதற்காக மட்டும் தடையுத்தரவு தானாகவே அற்றுப்போகாது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 2021 ஏப்ரலில் பெப்சி ஃபூட்ஸ் வழக்கில் தீர்த்தது.

எமது மேன்முறையீட்டு நீதிமன்றம் இடைக்காலக் கட்டளை வழங்குமுன், முதல்தோற்ற வழக்கு உண்டா, அறவீடு நிகழ்ந்துவிட்டால் இறுதித் தீர்ப்பு பயனற்றுப் போகுமா, வசதிச் சமநிலை யார் பக்கம் என்று நோக்கும். சட்டத்தில் வேறு மேன்முறையீட்டு வழி திறந்திருக்க, அதைப் பயன்படுத்தாது வந்தவரிடம் தயக்கம் காட்டும். உண்மைகளை மறைத்தவரை ஆரம்பத்திலேயே திருப்பி அனுப்பிவிடும். கட்டளையெழுத்தாணை கோருவோர், முன்னதாகக் கேட்டதையும் மறுக்கப்பட்டதையும் காட்ட வேண்டும். எனவே ஆட்சேபத்துடன் கூடவே, அறவீட்டை நிறுத்திவைக்கும் கோரிக்கையையும் எழுத்தில் பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துவது அவசியமாகும்.