முதலை விழுங்கும் வட்டி

வாழைமரம் கட்டியாயிற்று. மாவிலைத் தோரணம் ஆடுகிறது. மயிலாப்பூர் மாடவீதியை அடுத்த சந்தொன்றில், மூன்றாம் மாடியில், எழுநூறு சதுர அடி வீட்டில், ஓமப்புகை எல்லோர் கண்ணையும் கரிக்கிறது. நல்ல நேரம் குறித்துத் தந்தவர் ஒருவர். வாசல் எந்தத் திசையை நோக்க வேண்டும் என்று சொன்னவர் மற்றொருவர். அடுப்பு அக்கினி மூலையில்தான் இருக்கிறதா என்று அளந்து பார்த்து வாழ்த்தியவர் வேறொருவர். மூவருக்கும் தட்சணை போய்ச் சேர்ந்தது. வீட்டுக்கு உரியவர் என்று அழைக்கப்படுபவரோ, அலமாரியின் உள்ளறையில் ஒரு கட்டுத் தாளை வைத்துப் பூட்டியிருக்கிறார். அது கடன் ஒப்பந்தம். அதன் பக்கந்தோறும் கையொப்பமிட்டவர் அவர். ஒரு பக்கத்தையேனும் படிக்காதவரும் அவரே!

நேரம் கேட்டார், திசை கேட்டார், ராசி கேட்டார். ‘நான் வாங்கும் கடனுக்கு முடிவில் மொத்தம் எவ்வளவு கொடுத்திருப்பேன்?’ என்ற ஒன்றை மட்டும் அவர் எவரிடமும் கேட்கவில்லை. நாம் கேட்போம், தோழர்களே! கேட்பதற்குப் பஞ்சாங்கம் வேண்டா. பள்ளிக்கூடத்துக் கணக்கே போதும்.

ஐம்பது இலட்சம் ரூபாய் கடன். ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டி. தவணைக் காலம் 20 ஆண்டு என்று கொள்வோம். மாதத் தவணை 44,986 ரூபாய். முதல் மாதம் அவர் கட்டும் அந்தத் தொகையில் 37,500 ரூபாய் வட்டிக்குப் போகிறது. கடனில் கழிவது 7,486 ரூபாய்தான். அடுத்த மாதம் எஞ்சிய கடனுக்கு மீண்டும் வட்டி. கழிவு ஐம்பத்தாறு ரூபாய் மட்டும் கூடுகிறது. இப்படியே ஊர்ந்து பத்தாண்டு முடியும்போது அவர் கட்டியிருப்பது ஏறத்தாழ 54 இலட்சம். வாங்கியதைவிட நான்கு இலட்சம் அதிகமாகக் கொடுத்தாயிற்று! கடன் எவ்வளவு மிச்சம்? முப்பத்தைந்தரை இலட்சம்! கடனில் பாதி கரைவதற்கே பதினான்கு ஆண்டுகள் ஆகின்றன. இருபதாம் ஆண்டின் இறுதியில் கூட்டிப் பார்த்தால் ஒரு கோடியே எட்டு இலட்சம் ரூபாய். வாங்கியது ஐம்பது, வட்டி ஐம்பத்தெட்டு. முதலை வட்டி விழுங்கியது. விழுங்கிய பிறகும் எட்டு இலட்சம் ஏப்பம் விட்டது.

இதில் மோசடி ஏதும் இல்லை. அதைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். பாக்கிக் கடனுக்கு வட்டி. பாக்கி பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிது. கணக்கு நேர்மையானதுதான். ஆனால் இருநூற்று நாற்பது துண்டுகளாக நறுக்கித் தரப்படுவதால் அதன் முழு உருவம் எவர் கண்ணுக்கும் தென்படுவதில்லை.

பழங்காலத்தார் வட்டியின் இந்தப் பசியை அறியாதவர்களா? நன்கு அறிந்திருந்தார்கள். நம் ஊர்களில் ஒற்றி என்றொரு முறை இருந்தது. நிலத்தைக் கடன் கொடுத்தவன் கையில் விடுவது. விளைச்சலை அவன் உண்பது. முதலைத் திருப்பித் தந்தால் நிலம் திரும்பும். வட்டி என்ற பெயரே அங்கே வெளியில் வராது. ஈடு என்பது வேறு. பொருள் நம்மிடமே இருக்கும், உரிமைக்குக் கட்டுப்போட்டிருக்கும். இன்றைய வீட்டுக்கடன் இந்த இரண்டாவது வகையின் வாரிசு.

வட்டிக்கு வரம்பு கட்டிய சாத்திரமும் உண்டு. மனுவின் நூலில் எட்டாம் அத்தியாயத்தைப் புரட்டினால் இரண்டு விதிகள் அடுத்தடுத்த பக்கங்களில் கிடைக்கின்றன. ஒன்று, ஒரே தடவையில் பெறும் வட்டி முதலுக்குச் சமமான தொகையைத் தாண்டக்கூடாது என்பது. ‘தாம்துபத்’ என்று நீதிமன்றங்கள் பின்னாளில் பெயரிட்டு வழங்கிய இரட்டிப்பு விதி இது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது! மற்றொன்றையும் கேளுங்கள்: மாத வட்டி நூற்றுக்கு இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து எனக் கடன் வாங்குபவனின் வருணத்தைப் பொறுத்து ஏறவேண்டும். பார்ப்பனருக்கு இரண்டு, சூத்திரனுக்கு ஐந்து. ஆண்டுக் கணக்கில் ஒருவருக்கு 24 விழுக்காடு, மற்றவருக்கு 60. அதே நூறு ரூபாய் ஒரு வீட்டில் ஐம்பது மாதத்தில் இரட்டிக்கும். இன்னொரு வீட்டில் இருபதே மாதத்தில் இரட்டித்து நிற்கும். எல்லா ஊரிலும் இப்படியே நடந்தது என்று நாம் சொல்லவில்லை. எழுதி வைத்த நீதி இது என்கிறோம். இரக்கத்துக்கு ஒரு கை, இழிவுக்கு ஒரு கை!

வெள்ளையர் ஆட்சி வந்தது. இங்கிலாந்து 1854இல் தன் வட்டி வரம்புச் சட்டங்களை நீக்கியது. அடுத்த ஆண்டே, 1855இல், இங்கும் அவை நீக்கப்பட்டன. ஒப்பந்தத்தில் எழுதியது எதுவோ அதுவே வட்டி. இரட்டிப்பு விதியைப் பம்பாயிலும் கல்கத்தா நகரத்திலும் நீதிமன்றங்கள் ஓரளவு போற்றின; சென்னை மாகாணத்து நீதிமன்றங்கள் ஏற்கவில்லை. வருணக் கணக்கு ஒழிந்தது, நன்று. அதோடு வரம்பும் ஒழிந்தது.

1918இல் கொடுவட்டிக் கடன் சட்டம், வட்டி மிதமிஞ்சியதா என்று பார்க்கும் உரிமையை நீதிபதிக்கு அளித்தது. 1938ஐ இந்தித் திணிப்பின் ஆண்டாகத்தான் நாம் நினைவில் வைத்திருக்கிறோம். அதே ஆண்டில் அதே ஆச்சாரியார் அமைச்சரவை கொண்டுவந்த உழவர் கடன் நிவாரணச் சட்டத்தைப் பாராட்டாமல் விடுவது நேர்மையாகாது. உழவன் ஒருவன் முதலும் வட்டியுமாக, வாங்கிய தொகையைப்போல் இரு மடங்கு கொடுத்து முடித்திருந்தால் கடன் முழுவதும் தீர்ந்ததாகக் கொள்ள வேண்டும் என்றது அந்தச் சட்டம். சாத்திரத்து விதி ஒரே தடவையில் பெறுவதற்கு மட்டுமே வரம்பு. இதுவோ ஆண்டாண்டாகக் கொடுத்த அனைத்தையும் கூட்டிப் பார்த்தது. மேலே நாம் கண்ட மயிலாப்பூர்க்காரரை இந்தத் தராசில் நிறுத்தினால் பதினெட்டு ஆண்டு ஆறு மாதத்திலேயே ஒரு கோடி கொடுத்து விடுதலை பெற்றிருப்பார். ஆனால் அவர் உழவரும் அல்லர்; காலமும் அது அன்று. 1984 முதல் நடப்பிலுள்ள வங்கிச் சட்டத் திருத்தப்படி, வட்டி மிகுதி என்ற காரணத்துக்காக வங்கிக் கடனை நீதிமன்றம் மறு ஆய்வு செய்ய முடியாது. கந்து வட்டியையும் மீட்டர் வட்டியையும் தடுக்கத் தமிழ்நாடு 2003இல் சட்டம் இயற்றியது. வங்கியின் படி ஏற அதற்குக் கால் இல்லை.

இனி ஊரின் கதைக்கு வருவோம். பர்மிங்காமில் 1775 வாக்கில் ஒரு விடுதியில் கூடிய சிலர், மாதச் சந்தா சேர்த்து ஒருவர் பின் ஒருவராக வீடு கட்டிக்கொள்ளத் தொடங்கினார்கள். அந்த இங்கிலாந்துச் சங்கங்களைப் பார்த்துத்தான் சென்னையில் ‘நிதி’கள் முளைத்தன. 1872இல் தோன்றிய மயிலாப்பூர் இந்து பெர்மனென்ட் ஃபண்டு அவற்றுள் பழமையான ஒன்று. உறுப்பினர் போடுவதை உறுப்பினருக்கே, நகையின் பேரிலும் வீட்டின் பேரிலும் கடனாகக் கொடுப்பது அதன் முறை. வக்கீலும் குமாஸ்தாவும் பென்ஷன்காரரும் கூடிய இடம் அது. சேரியில் வாழ்ந்தவனுக்கு அங்கே பங்கு ஏது, ஈடு வைக்கப் பத்திரம் ஏது?

1920இல் நகரமைப்புச் சட்டம் வந்தது. லாங் டேங்க் என்று வெள்ளையர் குறித்த நெடிய ஏரியின் ஒரு பகுதியை 1923 முதல் தூர்த்து மனை பிரித்தார்கள். தியாகராய நகர் எழுந்தது. பனகல் பூங்கா, டாக்டர் நாயர் சாலை, உஸ்மான் சாலை, தணிகாசலம் சாலை, நடேசன் பூங்கா என நீதிக்கட்சிப் பெருமக்களின் பெயர்களை நடந்தே படிக்கலாம்! நகரின் நடுத்தர வகுப்பு மனைக்கும் மாடிக்கும் அலைந்த காலம் தொடங்கியது. 1940களின் இறுதியில் கூட்டுறவு வீடு கட்டும் சங்கத்தின் மூலம் அடையாற்றில் காந்திநகர் வந்தது. 1961இல் வீட்டுவசதி வாரியம் பிறந்து சாஸ்திரி நகர், பெசன்ட் நகர் என்று தெற்கே பரப்பியது. வாரியத்து வீட்டில் தவணை முழுதும் முடியும்வரை கிரயப்பத்திரம் கிடையாது; தவறிய தவணைக்கு அபராத வட்டி. அந்த அபராத வட்டியைத் தள்ளுபடி செய்யும் அறிவிப்புகள் மீண்டும் மீண்டும் வந்ததிலிருந்தே, எத்தனை பேர் அதில் அகப்பட்டார்கள் என்பது விளங்கும்.

நீண்ட காலச் சமதவணை என்பதற்குப் பெரிய வயதில்லை. அமெரிக்காவில் 1930களுக்கு முன் வீட்டுக்கடன் மூன்றாண்டு, ஐந்தாண்டு என்றுதான் இருந்தது. முடிவில் முதல் மொத்தமாக வந்து கழுத்தை நெரிக்கும். பெருமந்தத்தில் வீடுகள் ஆயிரக்கணக்கில் ஏலம் போனபின், 1933, 1934ஆம் ஆண்டுகளில் அந்நாட்டு அரசு அமைத்த நிறுவனங்கள்தாம் முதலும் வட்டியும் கலந்த நீண்ட தவணையைப் பரவலாக்கின. நம் நாட்டில் 1977இல் எச்.டி.எஃப்.சி. தொடங்கிய பிறகே சம்பளக்காரன் இதை வாசலில் கண்டான். முன்பு பணி ஓய்வுப் பணத்தில் கட்டிய வீட்டை முப்பது வயதிலேயே அடைய முடிந்தது. அது நன்மையே, மறுப்பார் யார்?

பணத்தின் மதிப்பு குறைகிறதே, பதினைந்தாம் ஆண்டில் கட்டும் 44,986 இன்றைய 44,986 ஆகுமா என்று கேட்கும் தோழர் உண்டு. சரியான கேள்வி. சம்பளம் ஏறுகிறவனுக்குப் பிற்காலத் தவணை இலேசாகத்தான் இருக்கும். வாடகை மிச்சமும் உண்டு. ஆனால் சம்பளம் ஏறும் என்பது எழுதித்தரப்பட்ட வாக்கு அன்று. தவணையோ எழுதித்தந்த வாக்கு. வருமான வரிச் சலுகை கிடைக்கிறதே என்பார் இன்னொருவர். மேல்தட்டு வரி கட்டுபவருக்கும் நூறு ரூபாய் வட்டிக்குத் திரும்பி வருவது முப்பது ரூபாய் அளவுதான், அதுவும் வரம்புக்குள். குடியிருக்கும் வீட்டுக்குப் புதிய வரிமுறையில் அதுவும் இல்லை.

முப்பதாண்டுக் கடன் என்ற ஆசைவலைதான் நமக்குப் பெரிதும் கவலை தருகிறது. அதே ஐம்பது இலட்சத்தை முப்பதாண்டுக்கு நீட்டினால் தவணை 40,231. மாதம் 4,755 ரூபாய் குறைந்ததென்று மகிழ்கிறான். மொத்த வட்டி 58 இலட்சத்திலிருந்து 95 இலட்சத்துக்குத் தாவியதைக் காணான். மாறாகப் பதினைந்து ஆண்டாகச் சுருக்கினால் தவணை 50,713. வட்டி 41 இலட்சம்.

அடையாற்றில் நம் தோழர் ஒருவர் இருக்கிறார். நாற்பது வயதில், 2021 ஆகஸ்டில், ஐம்பது இலட்சம் வாங்கினார். அப்போது வட்டி 7 விழுக்காடு, தவணை 38,765. அறுபதில் ஓய்வு, அன்றே கடனும் ஓய்வு என்பது அவர் திட்டம். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி தன் ரெப்போ விகிதத்தை நான்கிலிருந்து ஆறரைக்கு உயர்த்தியது. அவருடைய மாறும் வட்டியும் ஒன்பதரைக்கு ஏறியது. உயர்வு முழுவதும் அந்தப் பிப்ரவரியில் ஒரே அடியாக வந்ததென எளிமைக்காக வைத்துக்கொண்டு நாமும் அவரும் ஒரு மாலை கணக்கிட்டோம். எஞ்சிய கடன் 48 இலட்சத்துச் சொச்சம். அதற்கு மாத வட்டி மட்டும் 38,146. தவணையை உயர்த்தாமல் விட்டால் கடனில் கழிவது மாதம் 619 ரூபாய்! இன்னும் 524 மாதங்கள். எண்பத்தைந்து வயதில் கடன் தீரும்! அவர் சிரிக்கவில்லை. மனைவி அடுப்பை அணைத்துவிட்டு வந்து தாளைப் பார்த்தார்.

வங்கி என்ன செய்தது? காலத்தை முடிந்தமட்டும் நீட்டிவிட்டுக் கைப்பேசிக்கு ஒருவரிச் செய்தி அனுப்பியிருந்தது. அதை அவர் விளம்பரம் என்று நினைத்துக் கடந்திருந்தார். இத்தகைய நீட்டிப்புகள் நாடெங்கும் நடந்த பிறகுதான், 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஆணையிட்டது: வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலப்பதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும், எவ்வளவு முதல் கழிந்தது, எவ்வளவு வட்டி போயிற்று, எத்தனை தவணை மிச்சம் என்று காலாண்டுதோறும் தெரிவிக்க வேண்டும். மாறும் வட்டிக் கடனை முன்னதாக அடைப்பவரிடம் அபராதம் வாங்கக்கூடாது என்பது 2012 முதலே உள்ளது. எத்தனை பேர் அறிவர்? மயிலைக்காரரே தம் தவணையோடு மாதம் 3,750 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் இருபதாண்டுக் கடன் பதினாறரை ஆண்டுக்குள் முடியும்; பன்னிரண்டு இலட்சத்துக்குமேல் வட்டி மிஞ்சும்.

சம்பளச் சீட்டு உடையவர்களின் கதையே இப்படி என்றால், ரங்கநாதன் தெருவின் நடைபாதையில் கடை விரித்தவன் கதை என்ன? வங்கி அவனுக்கு வருமானச் சான்று கேட்கிறது. இல்லையென்றால் வேறு நிறுவனத்தின் கதவுக்குப் போகிறான். அங்கே வட்டி மேலும் சில விழுக்காடு. பிறப்பைக் கேட்பதில்லை, தாளைக் கேட்கிறார்கள். தாள் யாரிடம் தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்திருக்கிறது என்பதை மயிலாப்பூர் நிதியின் காலத்திலிருந்தே பார்த்து வருகிறோம்.

அடையாற்றுத் தோழர் மறுநாளே வங்கிக்குச் சென்றார். முழு அட்டவணையையும் கேட்டு வாங்கினார். தவணையை 46,163 ஆக உயர்த்தி, அறுபதாம் வயதையே எல்லையாக்கிக் கையொப்பமிட்டார். இம்முறை எல்லாப் பக்கத்தையும் படித்த பிறகு. மாதம் 7,400 ரூபாய் கூடுதல்; மகளின் இசை வகுப்பும் இரண்டு வார இதழ்களும் நின்றன. 2025இல் வட்டி இறங்கியபோது மீண்டும் போனார். தவணையைக் குறைக்க வேண்டா, காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார்.