சபாபதி (1941 திரைப்படம்)

சபாபதி, பட்டணத்துப் பணக்கார வாலிபர் ஒருவரையும் அவருடைய வேலைக்காரனையும் பற்றிய தமிழ் நகைச்சுவைத் திரைப்படம். பம்மல் சம்பந்த முதலியாரின் அதே பெயர் கொண்ட நாடகத்தைத் தழுவியது. ஏ. வி. மெய்யப்பனும் ஏ. டி. கிருஷ்ணசாமியும் இயக்கிய இப்படம் 1941 டிசம்பர் 14 அன்று வெளியானது.

நாடகம்

பம்மல் சம்பந்த முதலியார் (1873–1964) சென்னை ஜார்ஜ் டவுன் ஆச்சாரப்பன் தெருவில் வாழ்ந்த வழக்கறிஞர். பின்னர் நீதிபதியாகவும் இருந்தவர். நாடகக்காரர்களைக் கூத்தாடிகள் என்று ஒதுக்கிய காலத்தில், 1891இல் அவர் தொடங்கிய சுகுண விலாச சபை, வழக்கறிஞர்களையும் அதிகாரிகளையும் மேடையேற்றியது. 1906இல் அரங்கேறிய ‘சபாபதி’ வழியாக, படித்த வர்க்கம் தன்னைத்தானே கேலி செய்துகொண்டது.

கதை

சபாபதி முதலியார் செல்வந்தர் வீட்டுப் பிள்ளை. நாகரிகத்துக்குக் குறைவில்லை, மெட்ரிகுலேஷன் பரீட்சையில் மட்டும் தேறுவதில்லை. எடுத்ததற்கெல்லாம் அவர் கூப்பிடும் வேலைக்காரனுக்கும் சபாபதி என்றே பெயர். எஜமானர் சொல்லை அவன் அட்சரம் பிசகாமல் நிறைவேற்றுவான், தொல்லையே அதுதான். சோடா உடைத்துக்கொண்டு வரச் சொன்னால், மூடியைத் திறக்காமல் பாட்டிலையே உடைத்துக்கொண்டு வந்து நிற்பான். முதலியாருக்கு வாய்க்கும் மனைவி சிவகாமி படித்தவள். அவளே அவருக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிறாள்.

நடிகர்கள்

உருண்டை விழிகளை உருட்டியே சிரிக்கவைத்த டி. ஆர். ராமச்சந்திரன் முதலியாராக நடித்தார். வேலைக்காரனாக வந்த காளி என். ரத்தினம், பாய்ஸ் கம்பெனி நாடகக் குழுவில் நடிப்புச் சொல்லிக்கொடுத்த வாத்தியார். அவருக்கு ஜோடி சி. டி. ராஜகாந்தம். சிவகாமியாக ஆர். பத்மாவும், மாணவர்களிடம் படாதபாடு படும் தமிழ் வாத்தியாராக கே. சாரங்கபாணியும் நடித்தனர்.

வரவேற்பும் இடமும்

முத்துத் துறைமுகத் தாக்குதல் நடந்து ஒரே வாரத்தில், போர்ப் பீதி பரவிய வேளையில் வெளிவந்தும் படம் வெற்றி பெற்றது. 1930களில் நகைச்சுவை பெரும்பாலும் முக்கியப் படத்தோடு ஒட்டிவரும் குறும்படமாகவோ, கதைக்கு நடுவே வரும் தனிக் காட்சிகளாகவோ இருந்தது. 1939இல் வந்த ‘சிரிக்காதே’கூடச் சிறு நகைச்சுவைப் படங்களின் தொகுப்புதான். அப்படி உதிரியாக நின்ற நகைச்சுவை ஒரு முழுநீளக் கதையைத் தாங்கும் என்று காட்டியதே ‘சபாபதி’யின் சாதனை. தமிழின் தொடக்ககால முழுநீள நகைச்சுவைப் படங்களில் இன்றும் முதன்மையாகப் பேசப்படுவது இதுவே.