சூப்பர்மேனும் சோழர்களும்: வெட்டிய காட்சிகளின் வரலாறு

ஒரு படம் எப்போது முடிகிறது? திரையில் 'வணக்கம்' போடும்போது என்று சொல்லிவிடலாம். ஆனால் ஹாலிவுட்டின் சூப்பர்ஹீரோ படங்கள் சில, வெளியாகிப் பல வருடம் கழித்துத்தான் உண்மையில் முடிந்திருக்கின்றன!

1978-ல் 'சூப்பர்மேன்' எடுத்த ரிச்சர்ட் டோனர், இரண்டாம் பாகத்தின் பெரும்பகுதியையும் அப்போதே எடுத்து வைத்திருந்தார். தயாரிப்பாளர்களோடு மோதல் வந்தது; அவருக்குப் பதில் ரிச்சர்ட் லெஸ்டர் வந்தார். 1980-ல் வெளியான இரண்டாம் பாகத்தில், அப்பாவாக நடித்த மார்லன் பிராண்டோவின் காட்சிகள் இல்லை. 2006-ல் டோனரின் பதிப்பு டிவிடியில் வந்தபோதுதான் அவை வெளியே தெரிந்தன. சக்தியை இழந்த மகனுக்காக, அப்பா தன்னிடம் மிஞ்சிய சக்தியையும் கொடுத்துவிட்டு மறைந்து போகிறார். கதை அதேதான். ஆனால் சூப்பர்மேனின் வெற்றிக்கு இப்போது ஒரு விலை இருக்கிறது.

2016-ல் வந்த 'பேட்மேன் வெர்சஸ் சூப்பர்மேன்' தியேட்டரில் 151 நிமிடம், நீண்ட பதிப்பில் 182 நிமிடம். ஆப்பிரிக்க கிராமத்தில் நடந்த கொலைகளின் பழி எப்படி சூப்பர்மேன் மேல் விழுந்தது என்பது நீண்ட பதிப்பில்தான் தெளிவாகப் புரியும். 2017-ல் வந்த 'ஜஸ்டிஸ் லீக்' 120 நிமிடம். 2021-ல் ஜாக் ஸ்னைடரின் பதிப்பு 242 நிமிடம். அதில் சைபோர்க் என்ற பாத்திரத்துக்கும் அவன் அப்பாவுக்கும் இடையிலான கதை முழுசாகத் திரும்பி வந்தது.

இதில் ஒன்றைக் கவனிக்கலாம். தியேட்டருக்காக வெட்டும்போது முதலில் போவது சண்டை இல்லை, சண்டைக்கான காரணம்தான். அப்பா, ஊர், பழி, பசி எல்லாம் போய்விடும். அடிதடி மட்டும் தங்கும்.

சரி, நம் ஊரில்?

தஞ்சாவூரை மையமாக வைத்து யோசித்தால் உடனே நினைவுக்கு வருவது செல்வராகவனின் 'ஆயிரத்தில் ஒருவன்'. 2010 பொங்கலுக்கு வந்த படம். சுமார் மூன்று மணி நேரம். மூன்றாம் ராஜேந்திரனோடு சோழ ஆட்சி முடிந்ததாக வரலாறு சொல்லும் 1279-ஆம் ஆண்டில் கதை தொடங்குகிறது. பாண்டியரிடம் தோற்ற சோழர்கள் இளவரசனைக் கடல் கடந்து அனுப்பிவிடுகிறார்கள். அவன் வம்சம் எங்கோ ஒரு தீவில், தஞ்சையிலிருந்து தூதுவன் வருவான் என்று பல நூற்றாண்டுகள் காத்துக் கிடக்கிறது. அந்தத் தூதுவன் யார்? முத்து என்ற சாதாரண கூலித் தொழிலாளி! சூப்பர்ஹீரோ கதையின் இலக்கணம் அப்படியே இருக்கிறது.

முதல் பாதி சாகசம். இரண்டாம் பாதியில் பார்த்திபன் நடித்த சோழ மன்னனும், நெல் விளையும் மண்ணை விட்டு வந்து பட்டினி கிடக்கும் மக்களும். பேசுவது பழந்தமிழ். அன்று பலருக்கு இந்தப் பகுதி புரியவில்லை, நீளம் என்றார்கள். அதே ஆண்டு தெலுங்கில் வந்த பதிப்பு ஏறத்தாழ அரை மணி நேரம் குறைவு. ஆனால் தமிழில் படத்தை இன்றைக்கும் பேச வைப்பது அந்த இரண்டாம் பாதிதான். 2021 டிசம்பர் 31-ல் மறுபடி தியேட்டருக்கு வந்தது. பட்டினியையும் காத்திருப்பையும் எடுத்துவிட்டால், மிஞ்சுவது ஒரு புதையல் வேட்டை மட்டுமே.

ஹாலிவுட்டில் பிற்பாடு படம் நீள்கிறது; தமிழில் சுருங்குகிறது. ஏன்? அங்கே நீண்ட பதிப்புக்கு டிவிடி என்ற தனிச் சந்தை இருந்தது. இங்கே அந்த இடத்தைத் திருட்டு விசிடி பிடித்துக்கொண்டது. வசூல் முழுக்க தியேட்டரை நம்பியே. திருச்சி-தஞ்சாவூர் பகுதியை சினிமாக்காரர்கள் 'டிடி ஏரியா' என்பார்கள். அந்த ஏரியாவின் விநியோகஸ்தருக்கு மூன்று மணி நேரப் படம் என்றால், ஒரு நாளில் நான்கு காட்சி ஓட்டுவதே சிரமம். அதனால் 'படம் நீளம்' என்ற பேச்சு வந்தாலே கத்தரி வந்துவிடும். 2024 ஜூலையில் வந்த 'இந்தியன் 2' முதல் வாரத்திலேயே சுமார் 12 நிமிடம் குறைந்தது. 2001-ல் ஏறத்தாழ மூன்று மணி நேரம் ஓடிய கமலின் 'ஆளவந்தான்', 2023 டிசம்பரில் மறுவெளியீட்டில் இரண்டு மணி நேரப் படமாகத் திரும்பியது.

சுருக்குவதே தப்பு என்றும் சொல்ல முடியாது. சில படங்கள் வெட்டிய பிறகு நன்றாகவே ஓடும். கேள்வி வேறு. வெட்டிய துண்டு எங்கே போகிறது? டோனரின் காட்சிகளை யாரோ கால் நூற்றாண்டு பத்திரமாக வைத்திருந்ததால்தான் 2006-ல் அந்த அப்பா திரும்பி வந்தார். சென்னையிலோ டிஜிட்டல் வந்தபின் பிலிம் லேப்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. பல படங்களின் நெகட்டிவ்களே கேட்பாரற்றுப் போயின. முழுப் படத்துக்கே இந்த நிலை என்றால் வெட்டிய துண்டைத் தேடுவது யார்?

சோழர்கள் தங்கள் கணக்கைக் கல்லில் வெட்டி வைத்தார்கள். பெரிய கோயில் சுவரில் ஆயிரம் வருடம் கழித்தும் படிக்க முடிகிறது. அவர்களைப் பற்றிப் படம் எடுத்தவர்கள், வெட்டியதையும் ஒரு பெட்டியில் போட்டு வைத்தால் போதும்.