ஏதென்ஸின் ஆந்தை நாணயம்

ஏதென்ஸ் நகர அரசு கி.மு. 6ஆம் நூற்றாண்டின் இறுதிவாக்கில் வெளியிடத் தொடங்கிய வெள்ளி நாணயம். மதிப்பு நான்கு திராக்மா, எடை சுமார் 17.2 கிராம். முகப்பில் தலைக்கவசம் தரித்த அதீனா தேவியின் தலை. பின்பக்கத்தில், உடல் பக்கவாட்டிலும் முகம் நேராகவும் நிற்கும் ஆந்தை, ஆலிவ் கிளை, ஊர்ப்பெயரின் முதல் மூன்று எழுத்துகளான ஆல்பா, தீட்டா, எப்சிலான். கிரேக்கர்களே இதை ஆந்தை என்றுதான் சொன்னார்கள்.

வெள்ளி, ஏதென்ஸைச் சூழ்ந்த அட்டிக்காவின் தென்கோடியில் உள்ள லாரியன் சுரங்கங்களில் கிடைத்தது. கி.மு. 483 வாக்கில் அங்கே வளமான புதுப் படிவு அகப்பட்டது. ஆளுக்குப் பத்து திராக்மா பங்கு போட்டுக்கொள்ளலாம் என்றிருந்த மக்களை ஏதென்ஸ் தலைவர் தெமிஸ்டோக்ளீஸ் தடுத்து, அந்தப் பணத்தில் கப்பல் கட்டவைத்தார் என்கிறார் ஹெரோடோட்டஸ். கி.மு. 480இல் சலாமிஸில் பாரசீகரை வென்றது அந்தக் கடற்படைதான். கி.மு. 454இல், ஏதென்ஸ் தலைமையிலான டெலியன் கூட்டணியின் கருவூலம் ஏதென்ஸுக்கு வந்தபின் ஆந்தைகள் லட்சக்கணக்கில் அச்சாயின.

சறுக்கலும் சுரங்கத்தில்தான் தொடங்கியது. கி.மு. 413இல், ஏதென்ஸின் எதிரியான ஸ்பார்ட்டா அட்டிக்காவில் உள்ள டெகெலியாவைப் பிடித்தது. இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட அடிமைகள் ஓடிப்போனார்கள் என்று துசிடிடீஸ் எழுதுகிறார். சுரங்க வேலை படுத்துவிட்டது. வெற்றித்தேவி சிலைகளின் பொன்னை உருக்கிக் காசடித்தார்கள். செம்புக்கு வெள்ளி முலாம் பூசியும் வெளியிட்டார்கள். கி.மு. 405இல் மேடையேறிய 'தவளைகள்' நாடகத்தில் அரிஸ்டோஃபனீஸ் இந்த மட்டக்காசைக் கிண்டலடிக்கிறார்.

போலியைப் பிடிக்க கி.மு. 375/374இல் நிக்கோஃபோன் என்பவர் கொண்டுவந்த சட்டத்தின் கல்வெட்டு, 1970இல் ஏதென்ஸின் அகோரா சந்தைவெளியில் கிடைத்தது. காசு மாற்றுவோரின் மேசைகளுக்கு நடுவே, அரசுக்குச் சொந்தமான அடிமை ஒருவர் உட்கார்ந்து காசைச் சோதிப்பார். உள்ளே செம்போ ஈயமோ இருந்தால் அங்கேயே வெட்டிவிட வேண்டும். சோதிக்காமல் விட்டால் அவருக்கு ஐம்பது சவுக்கடி. தேறிய காசை வாங்க மறுக்கும் வியாபாரியின் அன்றைய சரக்கு பறிமுதல்.

நாணயவியலாருக்கு ஆந்தை லேசில் பிடிகொடுப்பதில்லை. அதில் ஆண்டு கிடையாது. தோற்றமும் நூறாண்டுக்கு மேல் பெரிதாக மாறவில்லை. பக்கவாட்டு முகத்தில் கண்ணை மட்டும் நேராகப் பார்ப்பதுபோல் செதுக்கும் பழைய பாணி, சிற்பிகள் அதைக் கைவிட்டு வெகுகாலம் ஆன பிறகும் காசில் நீடித்தது. இது கைத்திறன் குறைவு அல்ல. எகிப்து வரை பழகிய காசின் முகத்தை மாற்றினால் வெளியூர் வியாபாரி சந்தேகப்படுவான். கி.மு. 4ஆம் நூற்றாண்டில்தான் கண் பக்கவாட்டுக்குத் திரும்புகிறது.

ஆகவே ஆய்வாளர்கள் காசடித்த அச்சுகளைப் பின்தொடர்கிறார்கள். அதீனாவின் அச்சு பட்டறைக்கல்லில் பதிந்திருக்கும். ஆந்தை அச்சு சுத்தியல் அடியை நேரடியாக வாங்குவதால் சீக்கிரம் தேயும். ஒரே அதீனா பல ஆந்தைகளோடு சேர்ந்து வரும்போது, கீறலும் விரிசலும் வளரும் விதத்தை வைத்து எது முந்தையது என்று சொல்லிவிடலாம்.

ஆனால் அச்சு தருவது வரிசையை மட்டுமே, ஆண்டை அல்ல. கி.மு. 2ஆம் நூற்றாண்டில் வந்த அகன்ற 'புதுப்பாணி' ஆந்தை, சாடியின் மேல் நிற்கும். அதிகாரிகளின் பெயரும் சாடியில் மாதத்தைக் குறிக்கும் எழுத்தும் உண்டு, ஆண்டு மட்டும் இல்லை. 1961இல் மார்கரெட் தாம்சன் அச்சுத் தொடர்புகளால் இவற்றை வரிசைப்படுத்தி, தொடக்கத்தை கி.மு. 196 என்றார். மறு ஆண்டே டேவிட் லூயிஸ் அதை முப்பது ஆண்டுகளுக்கு மேல் பிந்தியதாகக் கணித்தார். மித்ரிதாதீஸ் அரசன், அரிஸ்டியன் என்ற இரு பெயர்கள் பொறித்த காசு அவருக்குக் கைகொடுத்தது: பொந்துஸ் அரசனான மித்ரிதாதீஸும் ஏதென்ஸை ஆண்ட அரிஸ்டியனும் ரோமுக்கு எதிராகக் கைகோத்த கி.மு. 87/86தான் அதற்குப் பொருந்தும். இன்று பெரும்பாலோர் ஏற்பது லூயிஸின் கணக்கை.