ஒன்றையொன்று விலக்கும் நிகழ்ச்சிகள்

ஒரே சோதனையில் சேர்ந்து நிகழவே முடியாத நிகழ்ச்சிகளை நிகழ்தகவுக் கணிதம் இப்பெயரால் அழைக்கிறது. கணமொழியில், இவற்றின் வெட்டு வெற்றுக்கணம்.

இரண்டு பகடைகளை உருட்டினால் கூறுவெளியில் 36 விளைவுகள். கூடுதல் 7 வர 6 வழிகள், 11 வர 2 வழிகள். ஒரே வீச்சில் இரண்டும் வாரா. ஆகவே 7 அல்லது 11 கிடைப்பதற்கான நிகழ்தகவு 6/36 + 2/36 = 2/9. இப்படி நேராகக் கூட்டலாம் என்பதே இக்கருத்தின் பெரும் பயன். ரஷ்யக் கணிதவியலாளர் கொல்மகோரோவ் 1933இல் நிகழ்தகவுக்கு வகுத்த அடிகோள்களில் ஒன்றும் இதுதான்.

விலக்கு இல்லாத இடத்தில் கூட்டல் பிழையாகும். கூடுதல் 8 வர 5 வழிகள். இரு பகடையிலும் ஒரே எண் விழ 6 வழிகள். (4, 4) இரண்டிலும் இருப்பதால் அதை ஒருமுறை கழிக்க வேண்டும்: 5/36 + 6/36 − 1/36 = 5/18. தேர்வுத்தாளில் இந்தக் கழித்தலை மறந்தால் மதிப்பெண் போகும்.

இதனினும் ஆழமான குழப்பம், விலக்கும் நிகழ்ச்சிகளைச் சார்பிலா நிகழ்ச்சிகளோடு (ஒன்று நிகழ்வது மற்றதன் நிகழ்தகவை மாற்றாதவை) ஒன்றாக எண்ணுவது. உண்மையில் இவை எதிரெதிரானவை. கூடுதல் 7 என்று தெரிந்த கணமே 11இன் நிகழ்தகவு 2/36இலிருந்து பூச்சியமாகிவிடுகிறது. இதைவிட வலுவான சார்பு ஏது? நிகழ்தகவு பூச்சியமல்லாத இரு நிகழ்ச்சிகள் ஒன்றையொன்று விலக்கினால், அவை ஒருபோதும் சார்பிலா நிகழ்ச்சிகளாக இருக்க முடியாது.

ஒரு நிகழ்ச்சியும் அதன் நிரப்பியும் (அது நிகழாமையும்) எப்போதும் ஒன்றையொன்று விலக்கும்; அவற்றின் நிகழ்தகவுகளைக் கூட்டினால் 1.