டி. பி. ராஜலட்சுமி: திரையில் ஒலித்த முதல் தமிழ்

மொழி வரலாற்றை எழுதுவோர் கல்வெட்டையும் ஓலைச்சுவடியையும் அச்சுநூலையும் சான்றாகக் கொள்வர். இருபதாம் நூற்றாண்டுத் தமிழுக்கு மற்றொரு சான்றும் உண்டு. அது திரையில் ஒலித்த தமிழ். அத்தமிழை முதன்முதலாகப் பேசிய கதாநாயகி டி. பி. ராஜலட்சுமி. அவர் புதினம் எழுதியவர், படம் இயக்கியவர் என்பதை ஆசிரியர்களுள்ளும் சிலரே அறிவர்.

திருவையாறு பஞ்சாபகேச ராஜலட்சுமி 1911ஆம் ஆண்டு பிறந்தார். குழந்தைப் பருவத்தில் நிகழ்ந்த திருமணம் நிலைக்கவில்லை. தந்தையும் மறைந்தபின் நாடக மேடையே பிழைப்புக்கு வழியாயிற்று. பாய்ஸ் கம்பெனி எனப்பட்ட குழுக்களில் சிறுவர்களே பெண்வேடம் புனைந்த காலம் அது. மேடையேறிய பெண்ணைச் சமூகம் மதிப்புடன் நோக்கவில்லை. அந்த மேடைதான் அவருக்குப் பாட்டையும் உச்சரிப்பையும் துணிவையும் பயிற்றுவித்தது.

1931 மார்ச்சில் இந்தியாவின் முதல் பேசும்படமான ‘ஆலம் ஆரா’ பம்பாயில் வெளிவந்தது. அதே ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள் எச். எம். ரெட்டி இயக்கிய ‘காளிதாஸ்’ சென்னையில் திரையிடப்பட்டது. அதில் நாயகி ராஜலட்சுமி தமிழில் பேசினார், நாயகன் பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கில் மறுமொழி கூறினார். இன்று இது நகைப்பைத் தரலாம். ஆனால் ஊமைப்படத்திற்கு மொழியெல்லை இருந்ததில்லை. ஒரே படம் எல்லா ஊர்களுக்கும் சென்றது. படம் பேசத் தொடங்கியதும் சந்தை மொழிவாரியாகப் பிரிந்தது. அப்பிரிவின் வாயிலில் நிற்கும் படம் ‘காளிதாஸ்’. அதில் கதைக்குத் தொடர்பில்லாத தேசியப் பாடல்களையும் ராஜலட்சுமி பாடினார். உப்புச் சத்தியாக்கிரகம் நிகழ்ந்து ஏறத்தாழ ஒன்றரை ஆண்டே ஆகியிருந்த சூழலில் அதன் பொருள் யாவர்க்கும் விளங்கியிருக்கும்.

1933இல் ‘வள்ளி திருமணம்’ அவருக்குப் பெரும்புகழ் தந்தது. அவ்வெற்றியோடு அவர் அமைந்துவிடவில்லை. தாம் எழுதிய ‘கமலவல்லி’ என்னும் புதினத்தை ‘மிஸ் கமலா’ என்னும் பெயரில் 1936இல் தாமே தயாரித்து, இயக்கி, நடித்தார். தென்னிந்தியாவில் படம் இயக்கிய முதல் பெண் அவரே. இந்திய அளவில் 1926இல் ஊமைப்படம் இயக்கிய ஃபாத்மா பேகம் அவருக்கு முன்னோடி.

பெயர்மாற்றத்தை மொழியியல் நோக்கில் காண்போம். ‘வல்லி’ என்னும் ஈறு மரபான பெண்பெயர்க்கு உரியது. ‘மிஸ்’ என்னும் ஆங்கில முன்னொட்டோ, மணமாகாத, புதுமைக் கல்வியோடு இணைத்து எண்ணப்பட்ட பெண்ணைக் குறித்தது. அச்சிலிருந்து திரைக்குச் சென்றபோது ஒரு பெண்ணின் பெயர் ஒரு தலைமுறையைக் கடந்துவிட்டது. புராணக் கதைகளே மிகுந்திருந்த நாளில், சமகாலப் பெண்ணுக்குச் சமகாலப் பெயரிட்டவர் ஒரு பெண் எழுத்தாளர் என்பது கருதத்தக்கது.

ராஜலட்சுமி 1964இல் மறைந்தார். ‘காளிதாஸ்’, ‘மிஸ் கமலா’ ஆகிய இரண்டின் படச்சுருளும் இன்று கிடைக்கவில்லை. ஆகவே முதல் பேசும்படத்தின் தமிழ் எவ்வாறு ஒலித்தது என்பதை ஆராய வழியில்லை. விளம்பரம், பாட்டுப்புத்தகம், விமர்சனம் ஆகியவற்றைக் கொண்டு ஊகிக்கவே இயலும். நடிகையின் முகம் நிழற்படத்தில் எஞ்சியது; அப்படங்களில் ஒலித்த குரல் எஞ்சவில்லை. பேணுவதற்கு எவரும் பொறுப்பேற்காமையே இவ்விழப்புக்குக் காரணம்.

இது தமிழகத்துக்கு மட்டும் உரிய படிப்பினை அன்று. சிம்பாங் ரெங்கத்தைச் சுற்றியுள்ள தோட்டங்களில் திருவிழா நாடகம் எழுதிய, நடித்த மூத்தோர் இன்னும் இருப்பின், மாணவர் அவர்களிடம் சென்று வசனத்தையும் பாட்டையும் ஒலிப்பதிவு செய்யலாம். பேசியவரின் பெயர், ஊர், நாள் ஆகியவற்றையும் உடன் குறித்தல் வேண்டும். பெண் கலைஞரை முதலில் தேடுக. ஏனெனில் அவர்தம் பெயரே முதலில் மறக்கப்படுகிறது.